யூரோக்கிலிதோன்

போன ஞாயிறு பாடம் வாசிக்கிற முறை எனக்கு.
தோட்டப்பாளையம் கோயிலில் மின்விசிறிகள்
மைக்கைவிடச் சத்தமாய்ப் பேசிக்கொண்டிருந்தன.
கைதியை ஏற்றிய கப்பல் தீவை ஒட்டிப் போகிறது,
தெற்கேயிருந்து மெல்லிசாய்க் காற்று,
எல்லாம் சரியாகத்தான் வந்தது
அந்தப் பெயர் வரும்வரை.

யூரோக்—
நாக்கு பாறையில் தட்டி நின்றது.
யூரோக்கிலி—
முன்வரிசையில் ஆமோஸ் வாத்தியார் மகன் சிரித்தான்.
தோன், என்று எப்படியோ கரையேறினேன்.

கடல் பார்க்காத ஊர், வேலூர்.
நானே மெரினாவுக்கு ஒரு தடவை போனவள்,
அலையைவிடக் கையில் பிடித்த செருப்பின் மேல் கவனமாய்.
எங்கள் காற்றுக்கெல்லாம் ஒரே பெயர்: புழுக்கம்.

போதகர் தந்த தடித்த அகராதியில்
எறும்பு எழுத்தில் கிடைத்தது.
முதல் பாதி கிழக்குக் காற்று. அதில் வழக்கில்லை.
பின்பாதியில்தான் ஏடுகள் பிரிகின்றன.
ஒன்றில் அது அலை, கொந்தளிப்பு.
இன்னொன்றில் வடகாற்று.
அப்படியானால்
கிழக்கு கிரேக்கனுடையது, வடக்கு ரோமானியனுடையது;
ஒரே பாய்மரத்தின் கீழ் இரண்டு பாஷைக்காரர்கள்
அவசரத்துக்கு ஒட்டுப்போட்டுத் தைத்த பெயர்.
பிரதி எடுத்தவன் எவனோ
விளக்கு மங்கிய நேரத்தில்
வடக்கை அலை என்று படித்திருக்கலாம்.
அவனும் கடல் பார்க்காத ஊரோ என்னவோ.

செவ்வாய். டயாலிசிஸ் பிரிவு. ஐந்தாம் மெஷின்.
அஞ்சப்பன், வயது இருபத்தொன்பது,
அக்கரைப்பேட்டையிலிருந்து வந்து
பாபுராவ் தெரு லாட்ஜில் எட்டு மாதம்.
எடை பார்க்கிறேன். மூன்றரை கிலோ ஏறியிருக்கிறது.
"தண்ணி குடிச்சியா?"
"மோந்துதான் பாத்தேன்க்கா."
எதையாவது பேசி ஊசியை மறக்கடிப்பது என் வழக்கம்.
அன்றைக்கு என்னிடம் இருந்தது இது ஒன்றுதான்:
கிழக்கும் வடக்கும் சேர்ந்து அடித்தால் அது என்ன காற்று?

"வாடைக்கொண்டல்."

வழி கேட்டவனுக்குத் தெருப் பெயர் சொல்வதுபோல் சொன்னான்.
"ஐப்பசியில கெளம்பும். போட்டக் குறுக்கால திருப்பிப் போட்டு அடிக்கும்.
ஏன்க்கா, இதுகூடவா தெரியாது?"
ஊசி இறங்கியதை அவன் பார்க்கவில்லை.

வாடை, வடக்கின் பிள்ளை.
கொண்டல், கிழக்கிலிருந்து வருவது.
கொள் என்பதுதான் வேர்.
நீரைக் கொண்டது,
சுமந்தது,
இறக்கிவைக்க இடம் தேடி அலைவது.
அகராதி எதுவும் இல்லாமல்
நாகப்பட்டினத்தானும் அந்தக் கப்பல்காரர்களும்
ஒரே இரண்டு துணியை எடுத்து
ஒரே இடத்தில் தைத்திருக்கிறார்கள்.

இவன் கணுக்காலைப் பார்த்தேன்.
விரல் வைத்தால் குழி அப்படியே நிற்கிறது.
கண்ணுக்குக் கீழே தேங்கியிருக்கிறது.
நீரைக் கொண்டது.

கப்பலைக் கயிற்றால் வரிந்து கட்டினார்கள் என்று
வாசித்தேன் இல்லையா ஞாயிற்றுக்கிழமை?
பதினாலு நாள் அவர்கள் சாப்பிடவில்லை.
இவன் எட்டு மாதமாய்
ஒரு சொம்புத் தண்ணீரை முழுசாய்க் குடிக்கவில்லை,
வாழ்நாளெல்லாம் தண்ணீர் மேல் நின்றவன்.
சொல்லலாம் என்று வாயெடுத்தேன்.
மெஷின் அலறியது.
குழாய் எங்கோ மடங்கியிருந்தது, நீட்டிவிட்டேன்.

வியாழக்கிழமை புயல் கரையைக் கடந்துவிட்டதாம்.
எங்களிடம் வரும்போது அதற்குப் பெயர்கூட மிஞ்சாது,
நெடுந்தூரம் நின்றுகொண்டே வந்தவன்போல
களைத்த தூறல்.
ஒன்றாம் நம்பர் பஸ் பாலாற்றுப் பாலத்தில் ஏறியதும்
மணலுக்கு மேலாகச் சாய்ந்து வந்து
முகத்தில் அடித்தது.
கையை வெளியே நீட்டிப் பார்த்தேன்,
காட்பாடிக்கும் ராணிப்பேட்டைக்கும் நடுவிலிருந்து வருகிறது.
உள்ளங்கை முழுக்க ஈரம்.
"ஷட்டர எறக்கும்மா" என்றது பின்சீட்.

வாடைக்கொண்டல், என்றேன்,
வாய்விட்டே சொல்லிவிட்டேன் போலிருக்கிறது.

கண்டக்டர் டிக்கெட் கிழிப்பதை நிறுத்தி
என்னை ஒரு நிமிஷம் பார்த்தார்.
"அது இந்த ரூட்ல போவாதும்மா."